அறுபது நாளில் முடிய வேண்டிய மனு, ஏழு வருடம் ஓடிய கதை

2013 ஜனவரியில், ஆண் குழந்தை பிறந்த கொஞ்ச நாளிலேயே மகாராஷ்டிரத்தில் ஒரு பெண் கணவர் வீட்டை விட்டு வெளியேறினார். அதே ஆண்டு செப்டம்பர் 2 அன்று, தனக்கும் குழந்தைக்கும் இடைக்கால ஜீவனாம்சம் கேட்டு, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆவது பிரிவின் கீழ் மனுப் போட்டார். அந்த மனுவை ஒட்டிய சண்டை 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அன்று முடிந்ததுகூட இடைக்காலத் தொகை பற்றிய சண்டை மட்டும்தான். முதன்மை மனு அன்றும் குடும்ப நல நீதிமன்றத்தில் நிலுவையில் கிடந்தது.

கணவனும் மனைவியும் பொது வாழ்க்கையில் இல்லாதவர்கள். தீர்ப்பின் தலைப்பிலேயே பெயர்கள் இருக்கின்றன, வக்கீல்கள் தினமும் சொல்கிறார்கள் என்றாலும் இங்கே அவை வேண்டாம். தேடிப் படிக்கிறவர்களுக்குக் குற்றவியல் மேல்முறையீடு எண் 730/2020 என்ற குறிப்பு போதும். விசாரித்தவர்கள் நீதிபதிகள் இந்து மல்ஹோத்ரா, ஆர். சுபாஷ் ரெட்டி. இன்று இந்தியாவில் எந்தக் குடும்ப நல நீதிமன்றத்தில் ஜீவனாம்சம் கேட்டுப் போனாலும், "சொத்து, கடன் பிரமாணப் பத்திரம் எங்கே?" என்று கேட்கிறார்களே, அந்தக் கேள்வி இந்த வழக்கிலிருந்து வந்ததுதான்.

இடைக்கால ஜீவனாம்சம் என்றாலே "எவ்வளவு?" என்பதுதான் எல்லோருடைய முதல் கேள்வி. இந்த வழக்கைப் படித்தால் ஒன்று தெரியும். மூன்று நீதிமன்றங்கள் ஏறி இறங்கியும் மனைவிக்கான தொகை ஒரு ரூபாய்கூட மாறவில்லை. சண்டையின் உண்மையான பொருள் காலமும் காகிதமும்தான்.

முதல் உத்தரவு

125-ஆவது பிரிவில் இடைக்காலத் தொகை என்ற ஏற்பாடே 2001-இல்தான் எழுத்தில் வந்தது. அதற்கு முன் 1985-இல் உச்ச நீதிமன்றம், மனு நடக்கும் காலத்தில் சாப்பாட்டுக்கு வழி செய்யாமல் கடைசியில் ஜீவனாம்சம் கொடுத்து என்ன பயன் என்ற கோணத்தில், நீதித்துறை நடுவருக்கு அந்த அதிகாரம் உள்ளுறையாக இருக்கிறது என்று சொல்லியிருந்தது. 2001 திருத்தம் அதைச் சட்டமாக்கியது. எதிர்த்தரப்பின் கையில் நோட்டீஸ் சேர்ந்த நாளிலிருந்து, கூடுமான வரை, 60 நாளுக்குள் இடைக்கால மனுவை முடிக்க வேண்டும் என்றும் சொன்னது. அதே திருத்தம்தான் மத்தியச் சட்டத்தில் இருந்த மாதம் 500 ரூபாய் உச்சவரம்பையும் தூக்கியது. விவாகரத்தான முஸ்லிம் பெண் ஷா பானோ ஜீவனாம்சம் கேட்ட வழக்கில் இந்தூர் நடுவர் கொடுத்தது மாதம் 25 ரூபாய், மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் அதை உயர்த்தியது 179 ரூபாய் 20 பைசாவுக்கு. நாடே பற்றியெரிந்த அந்த வழக்கின் தொகை அவ்வளவுதான்.

நம் வழக்குக்கு வருவோம். 60 நாள் என்று சட்டம் சொன்ன இடத்தில் குடும்ப நல நீதிமன்றத்துக்குக் கிட்டத்தட்ட இரண்டு வருடம் ஆனது. 2015 ஆகஸ்ட் 24 அன்று விரிவான உத்தரவு வந்தது. மனைவிக்கு 2013 செப்டம்பர் 1 முதல் மாதம் 15,000 ரூபாய். குழந்தைக்கு அதே நாளிலிருந்து 2015 ஆகஸ்ட் 31 வரை மாதம் 5,000, அதன் பின் மாதம் 10,000.

இதில் கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டிய ஒன்று இருக்கிறது. முதல் 24 மாதங்களுக்கு இருவருக்குமாக மாதம் 20,000. அதாவது உத்தரவு வந்த வாரத்திலேயே பாக்கி 4,80,000 ரூபாய். மாதம் 25,000 கட்டுவது ஒரு சங்கடம் என்றால், கையெழுத்து காய்வதற்குள் நாலே முக்கால் லட்சத்துக்கு மேல் கடன்காரர் ஆவது வேறு மாதிரியான சங்கடம். இடைக்கால உத்தரவுகளை எதிர்த்து மேலே போகிற கணவர்கள் பலரைத் துரத்துவது மாதத் தொகையைவிட இந்த மொத்தத் தொகைதான் என்பது என் எண்ணம். மனு எவ்வளவு இழுக்கிறதோ அவ்வளவு பாக்கி சேரும், பாக்கி சேரச் சேர எதிர்த்துப் போராட ஆசை வரும். தாமதமே அடுத்த தாமதத்தைப் பெற்றுப்போடுகிறது.

மேலே போக வழி எது

கணவர் மும்பை உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் அமர்வுக்குப் போனார். மேல்முறையீடாக அல்ல, கீழ் உத்தரவு சட்டப்படி சரியா என்று பார்க்கச் சொல்லும் சீராய்வாகவும் அல்ல, அரசியலமைப்பு உயர் நீதிமன்றத்துக்குத் தந்த அதிகாரத்தை நாடும் குற்றவியல் ரிட் மனுவாக. ஏன் என்று தெரிந்துகொண்டால்தான் இத்தகைய உத்தரவுகளை மேல் நீதிமன்றம் எவ்வளவு தூரம் தொடும் என்பது புரியும்.

குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 397(2) பிரிவு, வழக்கின் நடுவில் வரும் உத்தரவுகளைச் சீராய்வு செய்யக் கூடாது என்று தடுத்தது. 1984-ஆம் ஆண்டின் குடும்ப நல நீதிமன்றங்கள் சட்டத்தின் 19-ஆவது பிரிவும் அதே போக்கில்தான் இருக்கிறது. வழக்கின் நடுவில் வரும் உத்தரவுக்கு மேல்முறையீடும் இல்லை, சீராய்வும் இல்லை. சரி, இடைக்கால ஜீவனாம்சம் அப்படிப்பட்ட உத்தரவா? மாதாமாதம் பணம் கட்டச் சொல்லி, கட்டாவிட்டால் சிறை என்கிற உத்தரவை வெறும் நடுவழி உத்தரவு என்று ஒதுக்க முடியுமா? உயர் நீதிமன்றங்கள் இதில் இரண்டு பக்கமாகவும் தீர்ப்பளித்திருக்கின்றன. இந்து திருமணச் சட்டத்தின் 24-ஆவது பிரிவில் வரும் இடைக்காலத் தொகைக்கும் இதே கதி. அந்தச் சட்டத்தின் 28-ஆவது பிரிவு, இடைக்கால உத்தரவுகளை மேல்முறையீட்டுக்கு வெளியே நிறுத்துகிறது. அதனால்தான் சென்னையிலும் மதுரையிலும் இவை பெரும்பாலும் கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வை செய்யும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குத் தரும் அரசியலமைப்பின் 227-ஆவது கூறின் கீழ் உரிமையியல் சீராய்வு மனுக்களாக வருகின்றன.

ரிட் என்றாலும் 227 என்றாலும் உயர் நீதிமன்றத்தின் கை குறுகியது. சாட்சியத்தை மறுபடி எடைபோட்டு, "நான் என்றால் 12,000 போட்டிருப்பேன்" என்று சொல்லும் இடம் அதுவல்ல. கீழ் நீதிமன்றம் அதிகாரம் இல்லாமல் செயல்பட்டதா, கையில் இருந்த ஆவணத்தையே பார்க்காமல் எழுதியதா, எந்த நியாயமான மனிதரும் போகாத முடிவுக்குப் போனதா என்று பார்க்கலாம். அதற்கு மேல் இல்லை. நாக்பூர் அமர்வு 2018 ஆகஸ்ட் 14 அன்று மனுவைத் தள்ளுபடி செய்து குடும்ப நல நீதிமன்ற உத்தரவை உறுதி செய்தது. அந்த முடிவுக்கு மூன்று வருடம்.

உயர் நீதிமன்றத்தில் மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காக மாதத் தொகை நின்றுவிடாது என்பதை இங்கேயே சொல்லிவிட வேண்டும். தடை உத்தரவு இல்லாதவரை கீழ் நீதிமன்ற உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது. தடை கேட்டாலும் பாக்கியில் ஒரு பகுதியைக் கட்டச் சொல்லி நிபந்தனை போடுவது சகஜம். "மேலே போட்டிருக்கிறோம், அதனால் கட்ட வேண்டாம்" என்று நண்பர்கள் சொல்லும் அறிவுரையை நம்பிப் பிடிவாரண்டு வாங்கியவர்கள் உண்டு.

உச்ச நீதிமன்றம் கேட்ட காகிதங்கள்

கணவரின் முக்கியமான வாதம், கேட்டவுடன் நியாயமாகத்தான் படுகிறது. 2013-இல் தர வேண்டிய தொகையை முடிவு செய்ய, 2006-ஆம் ஆண்டு வருமான வரிக் கணக்கைக் குடும்ப நல நீதிமன்றம் நம்பியது தவறு என்றார். தனக்கு இப்போது வேலை இல்லை, அசையாச் சொத்து இல்லை, புழக்கத்தில் இருப்பது ஒரே ஒரு வங்கிக் கணக்குதான் என்றார். மகனுக்குத் தரும் பணத்தைக்கூடத் தந்தையிடம் கடன் வாங்கித் தருவதாகச் சொன்னார்.

மனைவி தரப்பு இதை மறுத்தது. ரியல் எஸ்டேட்டிலும் வேறு தொழில்களிலும் கணவர் பணம் போட்டிருக்கிறார், அதை மறைத்து வருமானத்தைப் பெற்றோர் பக்கம் திருப்புகிறார் என்பது குற்றச்சாட்டு. தன் ஸ்ரீதனமும் அவரிடமே இருக்கிறது என்றார். மகனுக்கு 10,000 என்று நிர்ணயித்தபோது அவனுக்கு இரண்டரை வயது. இப்போது ஏழரை, பள்ளிக்குப் போகிறான். 2020–21 கல்வியாண்டுக்கான கட்டணம் கட்டப்படவில்லை, கட்டாவிட்டால் இணைய வகுப்புக்கான இணைப்பைப் பள்ளி அனுப்பாது என்பது வரை நீதிமன்றத்தில் சொல்லப்பட்டது. கொரோனா ஆண்டு அது. அந்த இணைப்புதான் அன்று வகுப்பறை.

யார் சொல்வது உண்மை? இடைக்கால மனுவில் அதைச் சாட்சி வைத்து விசாரித்துக்கொண்டிருக்க முடியாது. மேலோட்டமாகப் பார்த்துத்தான் முடிவு சொல்ல வேண்டும். கணவனின் வருமானத்தைக் கணிப்பதில் கொஞ்சம் ஊகம் கலப்பதைத் தவிர்க்க முடியாது என்று 1997-லேயே உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொண்டிருக்கிறது. நடப்பில் என்ன ஆகிறது என்றால், மனைவி கணவனின் சம்பளத்தைக் கூட்டிச் சொல்வார், கணவன் ஒன்றுமே இல்லை என்பார், நீதிபதி நடுவில் ஏதோ ஒரு எண்ணைப் பிடிப்பார். கூட்டிச் சொல்வது, குறைத்துச் சொல்வது இரண்டுமே இங்கே வழக்கம் என்று இந்தத் தீர்ப்பே வெளிப்படையாகச் சொல்கிறது.

உச்ச நீதிமன்றம் நோட்டீஸ் அனுப்பியபோது கணவருக்கு ஒரு உத்தரவும் போட்டது. 2005–06 தொடங்கி இன்றுவரையிலான வருமான வரிக் கணக்குகள், மதிப்பீட்டு உத்தரவுகள், கூடவே பாஸ்போர்ட் நகல் எல்லாவற்றையும் தாக்கல் செய்ய வேண்டும். எனக்கு இந்த வழக்கில் மிக முக்கியமாகப் படும் இடம் இதுதான். முதல் நீதிமன்றத்தின் மேசையில் முதல் வாய்தாவிலேயே இருந்திருக்க வேண்டிய காகிதங்களை, நாட்டின் உச்ச நீதிமன்றம் கேட்டு வாங்க வேண்டியிருந்தது. 2006 கணக்கை நம்பியது தவறு என்று கணவர் சொல்வது சரியாகவே இருக்கட்டும். பிந்தைய கணக்குகள் யார் கையில் இருந்தன?

பாக்கி விஷயத்தில் நீதிமன்றம் பொறுமையாக இல்லை. 2019 செப்டம்பர் 11 அன்று 2,00,000 ரூபாய் பாக்கியைக் கட்டச் சொன்னது. கணவரின் சொந்தப் பிரமாணப் பத்திரத்தின்படியே நிலுவையில் இருந்த இன்னொரு 3,00,000-ஐயும் கட்டச் சொன்னது. அக்டோபர் 14 அன்று பார்த்தால், ஒரு பகுதிதான் வந்திருந்தது. மீதியை நவம்பர் 30-க்குள் கட்டாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை என்று கடைசி வாய்ப்பு கொடுத்தது.

இந்த நிலையில்தான் நீதிபதிகள் இது ஒரு குடும்பத்தின் பிரச்சினை மட்டுமல்ல என்ற முடிவுக்கு வந்தார்கள். மூத்த வழக்கறிஞர்கள் கோபால் சங்கரநாராயணன், அனிதா ஷெனாய் இருவரும் நீதிமன்றத்துக்கு உதவ நியமிக்கப்பட்டார்கள். பிறகு அரசியலமைப்பின் 136, 142 கூறுகளின் அதிகாரத்தைப் பயன்படுத்தி நாடு முழுமைக்கும் வழிகாட்டு நெறிகள் வந்தன.

பிரமாணப் பத்திரம்

வழிகாட்டு நெறிகளில் உயிரான பகுதி சொத்து, கடன் விவரப் பிரமாணப் பத்திரம். ஜீவனாம்சம் கேட்கிறவர் மனுவோடு சேர்த்தே அதைத் தாக்கல் செய்ய வேண்டும். எதிர்மனுதாரர் அதிகபட்சம் நான்கு வாரத்துக்குள் தன் எதிருரையோடு தன்னுடைய பத்திரத்தைத் தாக்கல் செய்ய வேண்டும். அதற்காக இரண்டு வாய்ப்புக்கு மேல் கிடையாது. வேண்டுமென்றே இழுத்தடிக்கிறார் என்று தெரிந்தால் அவருடைய எதிர்வாதத்தையே நீக்கிவிடலாம், அதாவது அவர் தரப்பைக் கேட்காமலே முடிவு சொல்லலாம். பத்திரத்தில் பொய் சொன்னால் அதற்கென்று தனியாகக் குற்ற நடவடிக்கை, அவமதிப்பு நடவடிக்கை. பத்திரங்கள் வந்தபின் நான்கிலிருந்து ஆறு மாதத்துக்குள் இடைக்கால மனுவை முடிக்கப் பார்க்க வேண்டும்.

படிவத்தை எடுத்துப் பார்த்தால், வருமானம் என்ற ஒரு கட்டத்தோடு நிற்கவில்லை. மாதச் செலவு, வாடகை, நம்பியிருக்கும் பெற்றோர், மருத்துவச் செலவு, வங்கிக் கணக்குகள், முதலீடுகள், வாகனம், கடன், மாதத் தவணை என்று போகிறது. மாதம் 30,000 சம்பளம் என்பவர் 22,000 ரூபாய் கார் தவணை கட்டுகிறார் என்றால் கேள்வி தானாக எழும். சம்பளச் சீட்டு பொய் சொல்லலாம், செலவுக் கணக்கு அவ்வளவு சுலபத்தில் பொய் சொல்லாது. படிவத்தில் மூன்று வகை உண்டு. நகர்ப்புறத்தவருக்கும் பொதுவானவர்களுக்கும் ஒன்று. விவசாயத்தை நம்பியிருப்போருக்கு நிலம், பயிர் என்று கேட்கும் வேறொன்று. மூன்றாவது மேகாலயாவுக்கு மட்டும். அங்கே தாய்வழிச் சமூகங்களில் சொத்து பெண் வழியில் போகிறது, பொதுப் படிவம் அங்கே பொருந்தாது. ஒரு படிவம் வரையும்போது இதை யோசித்திருக்கிறார்கள் என்பது பாராட்டத் தக்கது.

இந்தப் பத்திரம் மனைவியையும் அதே அளவு கட்டுகிறது என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். வேலைக்குப் போகும் மனைவி சம்பளத்தை மறைத்துவிட்டுக் கேட்கிறார் என்று புலம்பும் கணவர்களுக்கு இது ஆயுதம். வெறும் புலம்பலுக்கு நீதிமன்றத்தில் இடமில்லை, பத்திரத்தில் இன்ன பத்தி பொய் என்று காட்டினால் இடமுண்டு. இந்து திருமணச் சட்டத்தின் 24-ஆவது பிரிவில் வசதி இல்லாத கணவனும் இடைக்காலத் தொகை கேட்கலாம். 125-இல் அந்த வழி கணவனுக்கு இல்லை.

எந்த நாளிலிருந்து

125(2) பிரிவு இரண்டு வாசலைத் திறந்து வைத்திருந்தது. தொகை உத்தரவு நாளிலிருந்து வரும், நீதிமன்றம் அப்படிச் சொன்னால் மனு நாளிலிருந்து வரும். இந்த ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டு ஒவ்வொரு உயர் நீதிமன்றமும் ஒவ்வொரு வழியில் போனது.

இதன் விபரீதத்தைக் காட்ட 2014-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த வேறொரு வழக்கைச் சொல்லலாம். மனைவி மனுப் போட்டது 2002-இல். குடும்ப நல நீதிமன்றம் முடிவு சொன்னது 2011-இல். ஒன்பது வருடம். மனைவிக்கு 2,500, மகனுக்கு 1,500. அதுவும் உத்தரவு நாளிலிருந்துதான் என்றது அந்த நீதிமன்றம். ஒன்பது வருடத்துக்கு ஒரு பைசா இல்லை. உயர் நீதிமன்றம் அதை மனு நாளிலிருந்து என்று மாற்றியது, உச்ச நீதிமன்றம் அதைக் கடுமையான வார்த்தைகளோடு ஏற்றுக்கொண்டது. 2020 தீர்ப்பு அந்த விவாதத்தையே மூடிவிட்டது. எந்தச் சட்டத்தின் கீழ் கேட்டாலும் ஜீவனாம்சம் மனுத் தாக்கல் செய்த நாளிலிருந்துதான். நீதிமன்றத்தில் வழக்கு நகராததன் விலையைக் கேட்டவர் தலையில் ஏற்றக் கூடாது.

நியாயம்தான். மேலே சொன்ன மொத்தப் பாக்கிச் சிக்கலுக்கும் இதுவே காரணம் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். நான்கிலிருந்து ஆறு மாதம் என்ற கெடு ஓடினால்தான் மனு நாள் என்ற விதியும் இருவருக்கும் தாங்கக்கூடியதாக இருக்கும்.

பல சட்டம், ஒரே பை

இந்து திருமணச் சட்டம், 1956-இன் இந்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டம், 125-ஆவது பிரிவு, 2005-இன் குடும்ப வன்முறைச் சட்டம் என்று ஒரு மனைவி பல கதவுகளைத் தட்டலாம். தட்டக் கூடாது என்று இந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. முந்தைய வழக்கையும் அதில் கிடைத்த தொகையையும் அடுத்த மனுவில் சொல்லியாக வேண்டும், பிந்தைய நீதிமன்றம் அதைக் கழித்துக்கொள்ள வேண்டும் என்கிறது. உதாரணத்துக்கு, குடும்ப வன்முறை மனுவில் மாதம் 8,000 கிடைத்திருக்கிறது, 125-இல் 12,000 நியாயம் என்று படுகிறது என்றால், கூடுதலாக வருவது 4,000-தான். முந்தைய உத்தரவை மாற்ற வேண்டுமானால் அதே நீதிமன்றத்துக்குத்தான் திரும்பிப் போக வேண்டும்.

தொகையை அளக்க எதையெல்லாம் பார்க்க வேண்டும் என்று தீர்ப்பில் நீண்ட பட்டியல் இருக்கிறது. பாதி ஏற்கெனவே தெரிந்ததுதான். உடல் வலுவோடு இருக்கும் கணவன் வேலை இல்லை என்று கைவிரிக்க முடியாது. படித்த மனைவி சம்பாதிக்கக் கூடும் என்பது வேறு, சம்பாதிக்கிறார் என்பது வேறு. குழந்தைக்காக வேலையை விட்ட பெண், பல வருடம் கழித்துப் பழைய சம்பளத்தில் போய் உட்கார முடியாது. வாழ்நாள் ஜீவனாம்சம் என்று வரும்போது திருமணம் எத்தனை காலம் நீடித்தது என்பதையும் பார்க்க வேண்டும் என்ற குறிப்பும் உண்டு.

கணவனின் கைச் சம்பளத்தில் 25 சதவீதம் என்று ஒரு கணக்கு ஊரெங்கும் உலவுகிறது. 2017-இல் மேற்கு வங்கத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை நியாயமான அளவு என்றது. அந்த வழக்கிலேயே கணவனுக்கு மறுமணமாகிக் குழந்தையும் இருந்ததால் 23,000 என்பது 20,000 ஆகக் குறைந்தது. அது சூத்திரம் இல்லை. 2020 தீர்ப்பும் எந்தச் சதவீதத்தையும் விதியாக வைக்கவில்லை.

வசூல்

உத்தரவு வாங்குவது பாதி வேலை, பணம் வாங்குவது மீதிப் பாதி. தீர்ப்பு இதற்கும் வழி சொல்கிறது. ஜீவனாம்ச உத்தரவை உரிமையியல் நீதிமன்றத்தின் பணத் தீர்ப்பாணை போல நிறைவேற்றலாம். சம்பளத்தைப் பற்றுகை செய்யலாம், அதாவது சம்பளத்திலிருந்தே பிடித்துக்கொள்ளலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆவது பிரிவில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. சாதாரணக் கடனுக்குப் பற்றும்போது சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் தப்பிக்கும். ஜீவனாம்சத் தீர்ப்பாணை என்றால் தப்பிப்பது மூன்றில் ஒரு பங்குதான். குடும்ப வன்முறைச் சட்டத்தின் 20(6)-இல் வேலை கொடுப்பவரிடமே நேரடியாகக் கட்டச் சொல்ல முடியும்.

மாதச் சம்பளக்காரருக்கு இதெல்லாம் கடிக்கும். வருமானத்தைப் பெற்றோர் பேரிலும் தம்பி பேரிலும் வைத்திருப்பவருக்கு? அவரிடம் பற்றுவதற்கு ஒன்றும் இருக்காது. அங்கே மிஞ்சுவது 125(3)-இன் பிடிவாரண்டும் சிறையும். கட்டாத ஒவ்வொரு மாதத் தொகைக்கும் ஒரு மாதம் வரை. சிறைக்குப் போய்வந்துவிட்டால் கடன் தீர்ந்தது என்று நினைக்கிறவர்கள் இருக்கிறார்கள். தீராது. சிறை வசூலிக்கும் வழிதான், கடனைக் கழிக்கும் வழியல்ல என்று 1988-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இந்தப் பிரிவில் ஒரு கண்ணி உண்டு. தொகை கட்ட வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் வசூல் மனுப் போட வேண்டும். "மேலே வழக்கு நடக்கிறதே, முடியட்டும்" என்று சும்மா இருந்துவிட்டால் பழைய பாக்கியை வாரண்டு மூலம் வாங்கும் வழி அடைபட்டுவிடும். ஒரு வசூல் மனு உயிரோடு இருந்தால், பின்னால் சேரும் பாக்கியையும் அதிலேயே கேட்கலாம், புதுசு புதுசாகப் போட வேண்டியதில்லை என்பது 2005-இல் உச்ச நீதிமன்றம் கொடுத்த ஆறுதல். ஆகவே முதல் மனுவை முதல் வருடத்துக்குள் போட்டுவிடுவதுதான் சாமர்த்தியம்.

எதிர்வாதத்தை நீக்குவதைத் தீர்ப்பு பெரிய ஆயுதமாகச் சொல்கிறது. எனக்கு அதில் முழு நம்பிக்கை இல்லை. விவாகரத்து வேண்டும் என்று வழக்குப் போட்ட கணவனை அது பயமுறுத்தும். வழக்கு எப்படிப் போனாலும் சரி, பணம் மட்டும் தர மாட்டேன் என்று இருப்பவனுக்கு எதிர்வாதம் போனால் என்ன நட்டம்?

முடிவும் அதற்குப் பின்னும்

இந்த வழக்கின் தனிப்பட்ட முடிவு சுருக்கமானது. 2015 உத்தரவு உறுதி. மாதம் 15,000 வீதம் முழுப் பாக்கியையும் 12 வாரத்துக்குள் கட்ட வேண்டும், தொடர்ந்தும் கட்ட வேண்டும். கட்டாவிட்டால் ஜீவனாம்ச உத்தரவை நிறைவேற்றுவதற்கான 128-ஆவது பிரிவிலும் மற்ற வழிகளிலும் வசூலிக்கலாம். முதன்மை மனுவை ஆறு மாதத்துக்குள் முடிக்கும்படி குடும்ப நல நீதிமன்றத்துக்கு உத்தரவு. 2013 செப்டம்பர் முதல் 2020 அக்டோபர் வரை 86 மாதம். மனைவிக்கு 12,90,000, மகனுக்கு 7,40,000. ஆகமொத்தம் உத்தரவுப்படி அதுவரை சேர்ந்திருக்க வேண்டிய தொகை 20,30,000 ரூபாய். வழக்கின் இடையில் வந்த தொகைகளை இதில் கழித்துக்கொள்ள வேண்டும்.

அதன்பின் சட்டத்தின் எண் மாறிவிட்டது. 2024 ஜூலை 1 முதல் 125 போய், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144 வந்திருக்கிறது. உள்ளடக்கம் கிட்டத்தட்ட அப்படியேதான். அதே மாதம் 10-ஆம் தேதி, விவாகரத்தான முஸ்லிம் பெண்ணும் 125-இன் கீழ் கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் தெலங்கானா வழக்கொன்றில் தீர்ப்பளித்தது. அதுவும் இடைக்காலத் தொகையில் தொடங்கிய வழக்குதான். குடும்ப நல நீதிமன்றம் 20,000 என்றது, உயர் நீதிமன்றம் 10,000 என்றது. 2025 பிப்ரவரி 12 அன்று மூன்று நீதிபதிகள் அமர்வு, திருமணமே செல்லாது என்று மேலோட்டமாகத் தெரிந்தாலும் 24-ஆவது பிரிவின் கீழ் இடைக்காலத் தொகை கொடுக்கத் தடையில்லை என்றது.

பிரமாணப் பத்திரத்தின் கதிதான் எனக்கு உறுத்துகிறது. 2023 நவம்பர் 6 அன்று நீதிபதிகள் விக்ரம் நாத், ராஜேஷ் பிண்டால் முன் ஒரு குழந்தையின் ஜீவனாம்ச வழக்கு வந்தது. குடும்ப நல நீதிமன்றம் மாதம் 20,000 கொடுத்திருந்தது. மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் அதை 7,500 ஆகக் குறைத்திருந்தது. 2020 தீர்ப்பு கட்டாயமாக்கிய பத்திரங்கள் கோப்பில் இல்லை. இரண்டு எண்ணில் எது சரி என்று உச்ச நீதிமன்றம் பார்க்கப் போகவில்லை. உத்தரவை நீக்கி, பத்திரங்களை வாங்கிக்கொண்டு மறுபடி முடிவு செய்யும்படி வழக்கைக் குடும்ப நல நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது. மூன்று வருடம் முன்பே எல்லா நீதிமன்றங்களுக்கும் போய்ச் சேர்ந்திருக்க வேண்டிய அந்த வழிகாட்டு நெறிகளை, உயர் நீதிமன்றப் பதிவாளர்கள் வழியாக இன்னொரு முறை சுற்றுக்கு விடும்படியும் உத்தரவிட்டது.